காமெடி எழுதியவர் பெயரையும் போடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன ஞாயிற்றுக்கிழமை இணைப்பில், தமிழ் சினிமாவின் மறக்க முடியாத காமெடிக் காட்சிகள் என்று நடுப்பக்கம் முழுக்க ஒரு தொகுப்பு போட்டிருந்தீர்கள். கையில் இருந்த காபி ஆறிப்போனதுகூடத் தெரியாமல் படித்தேன், அவ்வளவு ஆசையாக. ஒவ்வொரு காட்சிக்கும் படத்தின் பெயர், வந்த வருஷம், நடிகர்கள், டைரக்டர், சில இடங்களில் தயாரித்த கம்பெனிகூட இருந்தது. எழுதியவர் பெயர் ஓரிடத்தில்கூட இல்லை. என் கண்ணில்தான் படவில்லையோ என்று இரண்டாம் தடவை விரலை வைத்துக்கொண்டு வரிவரியாகத் தேடினேன். இல்லை.

அதற்காகத்தான் இந்தக் கடிதம். கொஞ்சம் நீளமாகப் போகும். இடம் இல்லையென்றால் சுருக்கிக்கொள்ளுங்கள், ஆனால் இதில் வரும் பெயர்களை மட்டும் வெட்டிவிடாதீர்கள்.

உங்கள் பக்கத்தில் முதலில் இருந்தது 1959-இல் வந்த கல்யாண பரிசு. தங்கவேலுவும் எம்.சரோஜாவும். வேலை இல்லாததை மறைக்க ஒரு கம்பெனி பெயரைச் சொல்லிக்கொண்டு திரிகிறவர், அப்புறம் பைரவன் என்ற எழுத்தாளர் தான்தான் என்று மனைவியையே நம்ப வைத்துவிட்டு முழிக்கிறவர். அந்தப் பொய் எழுத்தாளரைப் பற்றி நான்கு வரி எழுதியிருக்கிறீர்கள். அவரை உண்டாக்கிய நிஜ எழுத்தாளரைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. அவர் பெயர் கோபு. டைரக்டர் ஸ்ரீதரின் செங்கல்பட்டுப் பள்ளிக்கூட நண்பர். பிற்பாடு ஸ்ரீதர் ஆரம்பித்த நிறுவனத்தின் பெயர் ஒட்டிக்கொண்டு சித்ராலயா கோபு ஆனார். சினிமாவில் அவர் முதலில் எழுதியதே அந்தத் தங்கவேலு பகுதிதான்.

அதற்குக் கீழேயே காதலிக்க நேரமில்லை, 1964. நாகேஷ் பேய்க்கதை சொல்லச் சொல்ல பாலையா பயந்து சுருங்கும் இடம். பாலையாவின் முகத்தைப் பெரிதாகப் போட்டிருந்தீர்கள், சரியான படம்தான். ஆனால் அந்தக் காட்சியை ஒரு தடவை எழுதுகிறவர் பக்கமிருந்து பாருங்கள். நாகேஷ் செய்வது கதை சொல்வது மட்டும், அதுவும் பாதி சத்தங்கள்தான். சிரிப்பு முழுவதும் கேட்டுக்கொண்டிருக்கிறவர் முகத்தில் இருக்கிறது. பேசுகிறவனுக்குத்தான் நாம் சிரிப்போம் என்று எல்லாரும் நினைக்கும்போது, இல்லை, கேட்கிறவருக்குத்தான் சிரிப்போம் என்று முடிவுசெய்து, அவருக்கு வசனத்தைக் கொடுக்காமல் இடத்தைக் கொடுத்திருக்கிறார்களே, அது காகிதத்தில் நடந்த வேலை. ஸ்ரீதரும் கோபுவும் மெரினா கடற்கரையில் உட்கார்ந்து பேசிப் பேசியே உருவாக்கிய படம் அது. 1972-இல் ஏவி.எம்.முக்காக காசேதான் கடவுளடா படத்தை கோபுவே எழுதி டைரக்டும் செய்தார். தேங்காய் சீனிவாசன் போலிச்சாமியாராக வரும் காட்சியும் உங்கள் தொகுப்பில் இருக்கிறது. ஆக ஒரே பக்கத்தில் மூன்று இடத்தில் ஒரே மனிதரின் எழுத்து, பெயர் மட்டும் ஒருமுறைகூட இல்லை.

எனக்கு ஏன் இது இவ்வளவு உறுத்துகிறது என்று சொல்லிவிடுகிறேன்.

என் அப்பா பொன்மலை ரயில்வே ஒர்க்‌ஷாப்பில் ஃபிட்டராக இருந்து ரிட்டயர் ஆனவர். 2014-இல் அவருக்கு வாதம் வந்து வலது பக்கம் விழுந்துவிட்டது, பேச்சும் போய்விட்டது. அதற்கப்புறம் மூன்று வருஷம் ஹாலில் போட்ட கட்டில்தான் அவர் உலகம். டிவியில் செய்தி வைத்தால் முகத்தைத் திருப்பிக்கொள்வார், சீரியல் வைத்தால் கண்ணை மூடிக்கொள்வார், காமெடி சேனல் வைத்தால் மட்டும் தலையணையில் கொஞ்சம் நிமிர்வார். கரகாட்டக்காரன் வாழைப்பழக் காட்சி வந்தால் போதும். செந்தில் அந்தச் சின்னப் பதிலைச் சொல்வதற்கு ஒரு நொடி முன்னாலேயே அப்பாவின் உதடு அசையும். சத்தம் வராது, ஆனால் அந்தச் சொல்லின் வடிவத்தில் வாய் திறந்து மூடும். அதை முதலில் கவனித்தது நான் இல்லை, பிசியோதெரபிக்கு வந்துகொண்டிருந்த பெண். "அம்மா, ஐயாவுக்கு வார்த்தை உள்ளே இருக்கு, வெளியதான் வரல" என்றாள். அன்றிலிருந்து பயிற்சியே அதுதான் என்று ஆகிவிட்டது. போனில் அந்தக் காட்சியைப் போட்டு, பதில் வருவதற்கு முன்னால் நிறுத்திவிட்டு, அப்பா சொல்லட்டும் என்று காத்திருப்பாள். ஐந்து மாதம் கழித்து ஒருநாள் சொன்னார். குழறலாகத்தான், ஆனால் சொன்னார். அம்மா அடுக்களையிலிருந்து கரண்டியோடு ஓடிவந்தது இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது.

அன்று அந்தப் பெண் சாதாரணமாக ஒன்று கேட்டாள். "இதெல்லாம் அவங்களே பேசிக்கிறதுதானேம்மா?" முப்பது வருஷம் தமிழாசிரியையாக இருந்த நானும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். ஞாயிற்றுக்கிழமை போனில் தம்பியிடம் கேட்டபோது அவன் யோசிக்கவே இல்லை. "வீரப்பன் சார் எழுதினதுக்கா" என்றான்.

ஏ.வீரப்பன். நாடக மேடையிலிருந்து வந்தவர், நடிகரும்கூட. 1984-இல் வைதேகி காத்திருந்தாள், 1989-இல் கரகாட்டக்காரன், இடையிலும் பின்னாலும் எத்தனையோ படங்கள், கவுண்டமணி செந்தில் பேசிய காமெடியில் பெரிய பங்கு அவர் எழுதியது. அந்தக் காலத்து வழக்கம் உங்களுக்குத் தெரிந்திருக்கும். கதை ஒரு பக்கம் போகும், காமெடி தனி டிராக்காக இன்னொரு பக்கம் ஓடும். காமெடி நடிகர்களின் கால்ஷீட் எத்தனை நாள் கிடைக்கிறதோ அத்தனை நாளுக்குள் எல்லாக் காட்சிகளையும் எடுத்து முடித்து, எடிட்டிங்கில் கதைக்கு நடுவே அங்கங்கே சேர்ப்பார்கள். டிராக் எழுதுகிறவருக்குப் படத்தின் கதை என்பது கிட்டத்தட்ட இல்லாத பொருள். ஊர் ஒன்று இருக்கிறது, அதில் இரண்டு பேர் இருக்கிறார்கள், ஒருவருக்குக் கோபம் வரும், இன்னொருவர் வரவைப்பார். இவ்வளவுதான் கையில் கொடுப்பார்கள். அதிலிருந்து பெட்ரோமாக்ஸ் விளக்கும் வாழைப்பழமும் வரவேண்டும். கரகாட்டக்காரன் மதுரையில் ஒரு வருஷத்தைத் தாண்டி ஓடியது. அதில் இளையராஜாவின் பாட்டுக்குப் பங்கு உண்டு, ராமராஜனுக்கும் கங்கை அமரனுக்கும் பங்கு உண்டு, யாரும் இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் இரண்டாம் தடவை மூன்றாம் தடவை போனவர்களைக் கேட்டுப்பாருங்கள், எதற்குப் போனோம் என்று சொல்வார்கள்.

இப்போது நடப்பது இன்னும் மோசம். முன்பெல்லாம் தியேட்டரில் டைட்டில் ஓடும்போதாவது ஒரு ஓரத்தில் பெயர் வந்து போகும். இன்றைக்கு காமெடி தனியாக வெட்டப்பட்டு ஆதித்யாவிலும் சிரிப்பொலியிலும் நாள் முழுக்க ஓடுகிறது, யூடியூபில் ஓடுகிறது, வாட்ஸ்அப்பில் ஸ்டிக்கராக ஓடுகிறது. டைட்டில் என்ற ஒன்று எங்கேயும் இல்லை. படத்தில் காமெடி மட்டும்தான் முப்பது நாற்பது வருஷம் உயிரோடு இருக்கிறது, அதை எழுதியவரின் பெயர்தான் முதலில் வெட்டப்படுகிறது. ஒரு பாட்டைப் போட்டால் பாடலாசிரியர் பெயர் கீழே வருகிறது. வாலி, வைரமுத்து, நா.முத்துக்குமார் என்று பள்ளிக்கூடப் பிள்ளைக்குக்கூடத் தெரிகிறது. காமெடிக்கு மட்டும் அந்த ஒரு வரியைப் போட ஏன் கை வரவில்லை?

விதிவிலக்காக ஒருவர் இருந்தார், கிரேசி மோகன். அவர் பெயர் மட்டும் எப்படி நிலைத்தது என்று யோசித்துப் பார்த்திருக்கிறேன். அவர் மேடையிலிருந்து பெயரோடு வந்தார், அதுதான் காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது. கிண்டி இன்ஜினியரிங் காலேஜில் மெக்கானிக்கல் படித்தவர், 1972-இல் கல்லூரிப் போட்டிக்காக முதல் நாடகம் எழுதினார். 1976-இல் எஸ்.வி.சேகரின் நாடகப்ரியாவுக்காக எழுதிய கிரேசி தீவ்ஸ் இன் பாலவாக்கம்தான் அவருக்குப் பட்டப்பெயரையே கொடுத்தது. 1979-இல் கிரேசி கிரியேஷன்ஸ் என்று சொந்தக் குழு, தம்பி பாலாஜி அதில் மாது என்ற பாத்திரத்தில் நடித்தார். சபா நாடகத்தில் எழுத்தாளருக்கு ஒரு வசதி இருக்கிறது, சினிமாவில் கிடைக்காதது. சாயங்காலம் ஆறரை மணிக்குத் திரை ஏறினால் எந்த வசனத்துக்கு எத்தனை பேர் சிரித்தார்கள், எந்த வசனம் மூன்றாவது வரிசைக்குமேல் போகவில்லை என்று அன்றைக்கே காதால் கேட்டுத் தெரிந்துகொள்ளலாம், அடுத்த வாரம் மாற்றி எழுதிக்கொள்ளலாம். திருச்சி ரசிக ரஞ்சன சபாவில் அவர்கள் நாடகத்தை நாங்கள் குடும்பத்தோடு பார்த்திருக்கிறோம். பக்கத்தில் உட்கார்ந்திருந்த மாமி சிரித்து முடிப்பதற்குள் அடுத்த நாலு வசனம் போய்விட்டது, இடைவேளையில் முன்பின் தெரியாத எங்களிடம் அந்த நாலையும் கேட்டுத் தெரிந்துகொண்டார்.

அவருடைய மேரேஜ் மேட் இன் சலூன் நாடகத்தை கே.பாலசந்தர் 1983-இல் பொய்க்கால் குதிரையாகப் படமெடுத்தார். அப்படித்தான் சினிமாவுக்குள் வந்தார். அப்புறம் 1989-இல் அபூர்வ சகோதரர்கள். அதில் ஜனகராஜ் இன்ஸ்பெக்டர், அவர் ஒன்றைக் கண்டுபிடித்ததாகச் சொல்லும்போதெல்லாம் பக்கத்தில் நின்று மெய்மறந்துபோகிற ஆர்.எஸ்.சிவாஜி. கொலையும் பழியுமான கதைக்குள் அந்த இரண்டு பேரையும் விட்டு, கதையின் கனம் குறையாமல் சிரிக்க வைத்திருப்பார். அதாவது காமெடி தனி டிராக்காக இல்லாமல் கதைக்கு உள்ளேயே வந்துவிட்டது. என் கணக்கில் தமிழ் காமெடி எழுத்தில் அது பெரிய மாற்றம்.

அடுத்த வருஷமே மைக்கேல் மதன காமராஜன். தமிழாசிரியையாக என்னை அசரவைத்த படம் அதுதான். கமல்ஹாசனுக்கு நான்கு வேஷம் என்று எல்லாரும் பேசுகிறார்கள், நான்கு தமிழ் என்று யாரும் பேசுவதில்லை. சமையல்காரர் காமேஸ்வரனுக்குப் பாலக்காட்டுத் தமிழ், தீயணைப்பு வீரர் ராஜுவுக்கு மெட்ராஸ் பாஷை, லண்டனில் படித்த மதனுக்கு ஒரு மாதிரி, மைக்கேலுக்கு ஒரு மாதிரி. கடைசியில் எல்லாரும் ஒரே இடத்தில் மாட்டிக்கொள்ளும்போது, கண்ணை மூடிக்கொண்டு கேட்டாலும் யார் பேசுகிறார் என்று தெரியும். 1995-இல் சதிலீலாவதியில் கோவை சரளாவுக்கும் கமலுக்கும் கொங்குத் தமிழ், அடுத்த வருஷம் அவ்வை சண்முகியில் மாமி பேச்சு, 2000-இல் தெனாலியில் இலங்கைத் தமிழ், 2004-இல் வசூல்ராஜாவில் மறுபடியும் மெட்ராஸ் பாஷை. நடிகர்கள் அதற்கு உயிர் கொடுத்தார்கள், அதில் சந்தேகமே இல்லை. ஆனாலும் ஒவ்வொரு பேச்சுக்கும் உள்ளே எந்த இடத்தில் சிரிப்பு ஒளிந்திருக்கிறது என்று தேடி எடுத்தவர் வீட்டில் பேனாவோடு உட்கார்ந்திருந்தவர்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும், ஏனென்றால் நானும் டீச்சர். அபூர்வ சகோதரர்கள், அவ்வை சண்முகி, தெனாலி, பம்மல் கே.சம்பந்தம், வசூல்ராஜா, இத்தனை படத்திலும் கதாநாயகி பெயர் ஜானகி. சின்ன வயதில் தன்னை மேடையேற்றிய டீச்சரின் பெயர் அது என்று கிரேசி மோகனே சொல்லியிருக்கிறார். தனக்குக் கற்றுக்கொடுத்தவரின் பெயரை ஒவ்வொரு படத்திலும் ஊர் முழுக்கச் சொல்ல வைத்த மனிதர் அவர். மற்றவர் பெயரைச் சொல்லுவதில் அவருக்கு இருந்த அந்த அக்கறையில் கால்வாசி நமக்கு இருந்தால் போதும்.

சரி, டிவிக்கு வருகிறேன். இது என் வீட்டுச் சங்கதி, அதனால் சேனலின் பெயரை எழுதவில்லை.

என் தம்பிக்குச் சின்ன வயதிலிருந்தே இந்தக் கிறுக்குதான். செவ்வாய்க்கிழமை தூர்தர்ஷனில் நாடகம் வந்தால் மறுநாள் பள்ளியில் அத்தனை பாத்திரத்தையும் பேசிக் காட்டுவான். 2006-இல் வேலையை விட்டுவிட்டு சென்னைக்குப் போனான். சாலிகிராமத்தில் மூன்று பேரோடு ஒரு அறை. ஒரு தனியார் சேனலின் வாராந்திர காமெடி நிகழ்ச்சிக்கு எழுதும் வேலை கிடைத்தது. எபிசோடுக்கு 1,200 ரூபாய், அதுவும் மூன்று மாதம் தள்ளித்தான் கைக்கு வரும். நான் ஒரு கோடை விடுமுறையில் போய் அவனோடு நான்கு நாள் இருந்தேன். அப்போதுதான் இது என்ன வேலை என்று கண்ணால் பார்த்தேன்.

ஒரு டாக்டர் காட்சி. நோயாளி வந்து ராத்திரி தூக்கமே வரவில்லை என்கிறார். பகலில் தூங்கினீர்களா என்று டாக்டர் கேட்கிறார். இல்லை, பகலில் ஆபீஸில் இருந்தேன் என்கிறார் நோயாளி. அதற்கு டாக்டர் சொல்லும் பதிலாகத் தம்பி முதலில் எழுதியிருந்தது, "அப்ப நீங்க ஆபீஸ்லயே நல்லா தூங்கியிருப்பீங்க, அதனாலதான் ராத்திரி தூக்கம் வரலைன்னு நினைக்கிறேன்." படித்துக் காட்டினான். எனக்குச் சிரிப்பு வந்தது, அவனுக்குத் திருப்தி இல்லை. "அக்கா, சிரிப்பு 'ஆபீஸ்ல'லயே முடிஞ்சிருச்சு. அதுக்கப்புறம் ஏழு வார்த்தை வெட்டியா ஓடுது" என்றான். தமிழில் வினை கடைசியில் வருகிறது, சிரிக்க வைக்கிற சொல்லுக்குப் பின்னால் வாக்கியம் வால் மாதிரி நீண்டுகொண்டே போகும், அதை எப்படி வெட்டுவது என்பதுதான் பெரும்பாடு என்று அன்றைக்குத்தான் எனக்குப் புரிந்தது. இத்தனை வருஷம் இலக்கணம் நடத்தியும் அந்தப் பக்கமிருந்து நான் அதைப் பார்த்ததே இல்லை. ராத்திரி பத்து மணிக்கு உட்கார்ந்தவன் ஒரு மணி வரை அந்த ஒரே பதிலை எழுதி எழுதி அடித்தான். கடைசியில் டாக்டருக்கு மிஞ்சியது இரண்டே வார்த்தைதான். "பகல்ல தூங்கினீங்களா?" "இல்ல டாக்டர், பகல்ல ஆபீஸ்ல இருந்தேன்." "அதைத்தான் கேட்டேன்."

அடுத்த அறையில் இருந்த பையன் தூக்கத்திலிருந்து எழுந்து வந்து சிரித்தான். தம்பி அப்புறம்தான் படுத்தான்.

அந்த எபிசோட் ஒளிபரப்பான ராத்திரி திருச்சியில் நாங்கள் எல்லாரும் டிவி முன்னால். அப்பா அப்போது நன்றாக இருந்தார். முடிவில் பெயர்கள் ஓடும், அதில் தம்பி பெயர் வரும் என்று சொல்லியிருந்தான். அப்பா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, நாற்காலியை விட்டு எழுந்து, டிவிக்கு ஒரு முழம் முன்னால் போய் நின்றார். பெயர்கள் ஓட ஆரம்பித்த உடனே திரையைச் சுருக்கி ஓரமாகத் தள்ளிவிட்டு அடுத்த நிகழ்ச்சிக்கு விளம்பரம் போட்டார்கள். எறும்பு மாதிரி ஏதோ மேலே ஏறிப் போனது, அவ்வளவுதான் தெரிந்தது. அப்பா திரும்பிப் பார்த்து, "வந்துச்சில்ல?" என்றார். அம்மா, "வந்துச்சு, நான் பார்த்தேன்" என்று பொய் சொன்னாள். அதற்கடுத்த வாரத்திலிருந்து அந்தச் சின்ன எழுத்தும் போய், எழுத்து என்ற இடத்தில் நிகழ்ச்சித் தயாரிப்பாளர் பெயரே வந்தது. தம்பி கேட்டதற்கு, டீம் ஒர்க் என்றார்கள். மூன்று வருஷம் தாக்குப்பிடித்தான். கடைசி ஒன்பது எபிசோடுக்கான பணம் இன்று வரை வரவில்லை. அவன் எழுதியதைப் பேசி நடித்த பையன்களில் இரண்டு பேர் சினிமாவுக்குப் போய் நன்றாக இருக்கிறார்கள். அவர்கள் மேல் எங்களுக்கு வருத்தம் கிடையாது, நன்றாக இருக்கட்டும். ஆனால் அவர்கள் தங்களை நிரூபிக்க அந்தக் காட்சிகளைக் காட்டினார்கள். தம்பி அடுத்த வாய்ப்பு கேட்டுப் போன இடத்தில், இதை நீதான் எழுதினாய் என்பதற்கு என்ன அத்தாட்சி என்று கேட்டபோது காட்ட ஒன்றும் இல்லை. பெயர் போடுவது வெறும் மரியாதைக்கு என்று நினைப்பவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்க வேண்டும். எழுதுகிறவனுக்கு அடுத்த வேலையே அந்தப் பெயர்தான்.

நடிகர்கள் எழுதியதை அப்படியே பேசுவதில்லையே, செட்டில் சொந்தமாகச் சேர்க்கிறார்களே என்று நீங்கள் கேட்கலாம். உண்மைதான். கவுண்டமணி ஒரு வரியைச் சேர்த்தால் காட்சி எங்கோ போய்விடும். நாகேஷ், மனோரமா, வடிவேலு எல்லாரும் அப்படித்தான். என்.எஸ்.கிருஷ்ணன் தன் காமெடியைத் தானே எழுதிக்கொண்டவர். ஆனால் சேர்ப்பதற்கு ஒன்று முதலில் இருக்க வேண்டுமல்லவா. பாடகர் சங்கதி போடுகிறார் என்பதற்காகப் பாட்டு எழுதியவர் பெயரை நாம் எடுத்துவிடுவதில்லை.

2019 மே மாதக் கடைசியில் நேசமணி உலகம் முழுக்கப் பரவியது நினைவிருக்கும். தலையில் சுத்தியல் விழுந்த காண்ட்ராக்டருக்காக எந்தெந்த நாட்டிலிருந்தோ பிரார்த்தனை செய்தார்கள். நம் பேப்பர்களிலும் வடிவேலு படத்தோடு முதல் பக்கத்தில் வந்தது, எனக்கும் சந்தோஷமாக இருந்தது. அந்தக் காட்சி வந்த ஃப்ரண்ட்ஸ் படத்தை 2001-இல் தமிழில் எடுத்தவர் சித்திக். அதற்கு இரண்டு வருஷம் முன்னால் மலையாளத்தில் அதை எழுதி எடுத்தவரும் அவர்தான், அங்கே அந்த வேஷத்தில் ஜகதி ஸ்ரீகுமார். அந்தச் சுத்தியல் முதலில் விழுந்தது சித்திக்கின் காகிதத்தில். அத்தனை செய்தியில் அவர் பெயரை எத்தனை இடத்தில் பார்த்தீர்கள்? அந்த ஆரவாரம் அடங்கி இரண்டு வாரம்கூட ஆகவில்லை, ஜூன் 10-ஆம் தேதி கிரேசி மோகன் போய்விட்டார். அறுபத்தாறு வயது. அன்றைக்கு எல்லா சேனலிலும் அவர் எழுதிய காட்சிகளை நாள் முழுக்கப் போட்டார்கள், கீழே அவர் பெயரையும் போட்டார்கள். போட முடியும் என்று அன்றைக்குத் தெரிந்துவிட்டது.

சட்டத்திலும் இதற்கு இடம் இருக்கிறது. 1957-ஆம் வருஷத்துப் பதிப்புரிமை (காப்பிரைட்) சட்டத்தின் 57-ஆவது பிரிவு, உரிமையை விற்றுவிட்டாலும் இது என் எழுத்து என்று சொல்லிக்கொள்ளும் உரிமையை எழுதியவருக்கே வைத்திருக்கிறது. 2012-இல் செய்த திருத்தம் இன்னும் ஒரு படி மேலே போய், தியேட்டரில் படம் ஓடுவது தவிர மற்ற வழிகளில் அந்த எழுத்து பயன்படும்போது ராயல்டியில் பங்கு உண்டு என்கிறது. பாட்டு எழுதுகிறவர்களும் இசையமைப்பாளர்களும் அதைப் பேசிப் பேசி ஓரளவுக்குப் பெறுகிறார்கள். காமெடி எழுதுகிறவர் பேசுவதற்கு முதலில் அவர் யார் என்று தெரிய வேண்டும். விருதிலும் அப்படித்தான். சிறந்த நகைச்சுவை நடிகர், நடிகை என்று நம் மாநில அரசு விருது கொடுக்கிறது, சிறந்த வசனகர்த்தாவுக்கும் கொடுக்கிறது, காமெடி எழுதியதற்கு என்று தனியாக ஒன்று கிடையாது.

அரசாங்கத்தையும் சேனல்களையும் நான் கேட்டு ஆகப்போவதில்லை. உங்களைக் கேட்கலாம், நாற்பது வருஷமாக எங்கள் வீட்டுக்கு வரும் பேப்பர். இனிமேல் பட விமர்சனம் எழுதும்போது காமெடி நன்றாக இருக்கிறது, எடுபடவில்லை என்று எழுதுகிறீர்களே, அந்த இடத்தில் எழுதியவர் பெயரையும் சேர்த்து எழுதுங்கள். எடுபடாவிட்டாலும் எழுதுங்கள், அதுவும் நியாயம்தான். ஒரு காமெடி நடிகர் மறைந்தால் நீங்கள் போடும் பக்கத்தில் அவருக்கு எழுதிக்கொடுத்தவர்களில் ஒருவரிடமாவது பேசி நாலு வரி வாங்கிப் போடுங்கள். போன ஞாயிறு தொகுப்புக்கு வரும் ஞாயிறு ஒரு சின்னத் திருத்தம் போட்டால்கூட, கோபு, வீரப்பன் என்று இரண்டு பெயர் புதிதாகச் சில ஆயிரம் வீட்டுக்குள் போகும்.

அப்பா 2017-இல் போய்விட்டார். தம்பி இப்போது திருச்சியிலேயே ஒரு அச்சகத்தில் டிசைன் வேலை பார்க்கிறான், ராத்திரியில் இன்னமும் எழுதுகிறான். நான் ஒரு நோட்டு போட்டிருக்கிறேன். அப்பாவுக்குப் பிடித்த காட்சிகள் ஒவ்வொன்றுக்கும் முழுப் படத்தையும் தேடி எடுத்து, டைட்டில் ஓடும் இடத்தில் நிறுத்தி, பூதக்கண்ணாடி வைத்துப் படித்து, எழுதியவர் பெயரைக் குறித்துக்கொண்டு வருகிறேன். சில பழைய பிரதிகளில் டைட்டிலையே வெட்டியிருக்கிறார்கள், அவற்றுக்கு இடம் விட்டு வைத்திருக்கிறேன். அந்த நோட்டின் ஜெராக்ஸ் இந்தக் கடிதத்தோடு இருக்கிறது, பதினான்கு பக்கம். உங்கள் சினிமாப் பகுதி நிருபரின் மேஜையில் வைக்கச் சொல்லுங்கள். விடுபட்ட இடங்களில் அவருக்குத் தெரிந்த பெயர் ஏதாவது இருந்தால் நிரப்பி, உள்ளே வைத்திருக்கும் தபால்தலை ஒட்டிய கவரில் திருப்பி அனுப்பச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தமிழாசிரியை ஒருவர்,
உறையூர், திருச்சி.